சிங்கப்பூரின் மறைந்த விமான நிலையங்கள்: ஃபேரர் பார்க், காலாங், பாய லேபார்

பழையபாதை:

டகோட்டா எம்ஆர்டி ரயில் நிலையத்தில் இறங்கி ஓல்ட் ஏர்போர்ட் ரோடு உணவங்காடிக்குச் சாப்பிடப் போகிறவர்கள் ஏராளம். அந்த இரண்டு பெயரும் ஒரே இடத்தின் மிச்சம் என்று தெரிந்தவர்கள் குறைவு. டகோட்டா என்பது டிசி-3 விமானத்துக்கு ஆங்கிலேயர்கள் வைத்த பெயர். பழைய ஏர்போர்ட் என்பது காலாங். 1937 முதல் 1955 வரை சிங்கப்பூரின் வாசல் அதுதான்.

இந்த ஊரின் விமானத் தளங்களைப் பற்றித் தனியாக ஓர் இழை வேண்டும் என்று நெடுநாளாக நினைத்திருந்தேன். சுருக்கமாக வரிசை இது: 1911-இல் ஃபேரர் பார்க் குதிரைப் பந்தயத் திடல். 1930-இல் சிலேத்தார். 1937-இல் காலாங். 1955-இல் பாய லேபார். 1981-இல் சாங்கி. இவற்றில் ஃபேரர் பார்க்கும் காலாங்கும் முற்றாகப் போய்விட்டன. பாய லேபார் ஆகாயப்படையிடம் இருக்கிறது, அதற்கும் நாள் குறித்தாகிவிட்டது. சிலேத்தார் மட்டும் எப்படியோ தப்பித்து இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது.

என் கட்சியை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். காலாங்கை எந்தக் காரணத்துக்காகத் தேர்ந்தெடுத்தார்களோ, அதே காரணத்துக்காகத்தான் மூடினார்கள். ஊருக்குப் பக்கம் என்பதே அதன் பெருமை. ஊருக்குப் பக்கம் என்பதே அதற்கு எமன். பாய லேபாருக்கும் அதே கதைதான், கொஞ்சம் நீட்டிச் சொல்லலாம். மறுப்பவர்கள் வரலாம்.

---

தேக்காவாசி:

அண்ணே, ஃபேரர் பார்க்கை ஒரே வரியில் தாண்டிப் போனால் எப்படி? எங்கள் பேட்டை அது.

1911 மார்ச் 16-ஆம் தேதி ஜோசப் கிறிஸ்டியன்ஸ் என்ற பெல்ஜியக்காரர் பிரிஸ்டல் பாக்ஸ்கைட் விமானத்தை அந்தப் பந்தயத் திடலிலிருந்து கிளப்பினார். சிங்கப்பூர் மண்ணிலிருந்து எழுந்த முதல் விமானம். சிராங்கூன் சாலைக்கு அந்தப் பக்கம்தான் இதெல்லாம் நடந்தது. ரேஸ் கோர்ஸ் ரோடு என்று இப்போது வாழை இலைச் சாப்பாட்டுக்கும் மீன் தலைக் கறிக்கும் போகிறோமே, அந்தப் பெயர் சும்மா வரவில்லை.

அதைவிடப் பெரிய கூத்து 1919 டிசம்பரில். இங்கிலாந்திலிருந்து ஆஸ்திரேலியாவுக்குப் பறந்து காட்டினால் பரிசு என்று ஒரு போட்டி. ராஸ் ஸ்மித், அவருடைய அண்ணன் கீத் ஸ்மித், பென்னெட், ஷியர்ஸ் என்ற இரண்டு மெக்கானிக்குகள், ஆக நான்கு பேர் விக்கர்ஸ் விமி விமானத்தில் கிளம்பினார்கள். அது முதல் உலகப்போருக்காகச் செய்த குண்டுவீச்சு விமானம், நல்ல பெரிய உருப்படி. பந்தயத் திடலோ சின்னது, சுற்றிலும் வீடு, மரம். தரை தொட்டதும் விமானம் நிற்காமல் ஓடிவிடுமோ என்ற பயத்தில் பென்னெட் தம் இருக்கையை விட்டு வெளியே ஏறி, விமானத்தின் முதுகில் வழுக்கிக்கொண்டே வால்பக்கம் போய் உட்கார்ந்துவிட்டார். வால் கனத்து அழுந்தியதால் விமானம் சீக்கிரம் நின்றது. பிரேக் இல்லாத காலத்தில் மனிதரே பிரேக்! அந்த மாதம் 10-ஆம் தேதி டார்வின் போய்ச் சேர்ந்து பரிசையும் வாங்கிவிட்டார்கள்.

குதிரைப் பந்தயம் 1933-இல் புக்கிட் தீமாவுக்குப் போய்விட்டது. ஆனால் திடல் ஓயவில்லை. 1942 பிப்ரவரி 17, சிங்கப்பூர் வீழ்ந்து இரண்டாம் நாள், பிரிட்டிஷ் இந்தியப் படையின் 40,000-க்கும் மேற்பட்ட சிப்பாய்களை அங்கேதான் கூட்டி ஜப்பானியரிடம் ஒப்படைத்தார்கள். மோகன் சிங் பேசியது அங்கே. இந்திய தேசிய ராணுவத்தின் தொடக்கமும் அங்கே. ஒரே புல்தரை எத்தனையைப் பார்த்திருக்கிறது பாருங்கள்.

---

மீனம்பாக்கம் மணி:

சென்னையிலிருந்து எழுதுகிறேன். அருமையான இழை.

ஒரு சந்தேகம். எங்கள் மீனம்பாக்கமும் பழைய நிலையம்தான். இடம் பற்றாமல் திணறுகிறார்கள், இரண்டாவது ஓடுபாதையை அடையாற்றின் மேல் பாலம் கட்டி நீட்டினார்கள். புது நிலையம் வேறு இடத்தில் வரப்போகிறது என்ற பேச்சு எனக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து இருக்கிறது. அப்படியிருக்க, சின்னஞ்சிறு தீவான சிங்கப்பூர் எப்படி ஐம்பது வருடத்துக்குள் மூன்று முறை மூட்டை கட்டியது? இருந்த இடத்திலேயே நீட்டியிருக்கலாமே?

இன்னொன்று, காலாங்கின் பழைய படத்தில் தரை வட்டமாக இருக்கிறது. ஓடுபாதையே காணோம். ஏன்?

---

பழையபாதை:

மணி, வட்டத்தில் தொடங்கினால் உங்கள் முதல் கேள்விக்கும் பதில் வந்துவிடும்.

1930-களின் விமானங்கள் எடை குறைந்தவை. பக்கக் காற்று அடித்தால் தடுமாறும். அதனால் காற்று எந்தத் திசையிலிருந்து வருகிறதோ அதற்கு எதிர்முகமாக இறங்க வேண்டும், ஏற வேண்டும். புல்தரையை வட்டமாக வைத்துவிட்டால் எந்தத் திசையானாலும் சரி. நீண்ட கான்கிரீட் பாதை தேவைப்படும் அளவுக்குக் கனமான பயணிகள் விமானம் அப்போது இந்தப் பக்கம் வரவில்லை.

இடத்தைத் தேர்ந்தெடுத்தவர் ஆளுநர் சிசில் கிளெமென்டி. 1931-இல் அவர் சொன்ன வாதம் இரண்டு: ஊரின் நடுவுக்குப் பக்கத்தில் இருக்க வேண்டும், தரையில் இறங்கும் விமானத்துக்கும் கடலில் இறங்கும் விமானத்துக்கும் ஒரே இடம் பொருந்த வேண்டும். இரண்டும் கூடிவரும் இடம் காலாங் கழிமுகம். அங்கே இருந்தது அலையேறி இறங்கும் சதுப்பு நிலம். மண் கொட்டி நிரப்பினார்கள். ஒரு பக்கம் வட்டப் புல்தரை, இன்னொரு பக்கம் கடல் விமானங்களை இழுத்து ஏற்றச் சரிவு மேடை. பிரிட்டிஷ் விமான நிறுவனமான இம்பீரியல் ஏர்வேஸின் பறக்கும் படகுகள் தண்ணீரில் வந்து இறங்கும், பயணிகள் கரையேறி அதே முனையத்துக்கு வருவார்கள். எப்பேர்ப்பட்ட ஏற்பாடு!

முனையத்தை வரைந்தவர் பொதுப்பணித் துறையின் தலைமைக் கட்டடக் கலைஞர் ஃபிராங்க் டாரிங்டன் வார்டு. நடுவில் உருளை வடிவக் கண்ணாடிக் கட்டுப்பாட்டுக் கோபுரம், இரு பக்கமும் இறக்கை விரித்த மாதிரி கட்டடம். 1937 ஜூன் 12-இல் ஆளுநர் ஷென்டன் தாமஸ் திறந்து வைத்தார். பத்து நாள்கூட ஆகவில்லை, உலகைச் சுற்றிக்கொண்டிருந்த அமீலியா எர்ஹார்ட் அங்கே வந்து இறங்கினார். கிழக்கின் விமான அதிசயம் என்று மெச்சினார். அடுத்த மாதத் தொடக்கத்தில் பசிபிக்கில் காணாமல் போனார். சிங்கப்பூர் அவருடைய கடைசி நிறுத்தங்களுள் ஒன்று.

இப்போது உங்கள் முதல் கேள்வி. போருக்குப் பிறகு விமானங்கள் பெருத்தன. நான்கு இன்ஜின், கனம், வேகம். வட்டப் புல்தரை உதவாது, நீண்ட கெட்டியான பாதை வேண்டும். ஜப்பானியர் காலத்தில் போட்ட பாதையைச் சீர்செய்து பார்த்தார்கள். அதற்கு மேல் நீட்ட ஒரு பக்கம் கடல், மறுபக்கம் பக்கத்து வட்டாரமான கேலாங்கின் நெருக்கமான குடியிருப்பு. எங்கே நீட்டுவது?

---

நீலவான்:

பெருமை பேசுவதை நிறுத்திக் கணக்குப் பார்ப்போமா? 1937 திறப்பு, 1955 மூடல். 18 வருடம். அதில் மூன்றரை வருடம் ஜப்பானியர் கையில். சதுப்பு நிலத்தை மண்கொட்டி மூடி, உலகிலேயே சிறந்தது என்று பீற்றிக்கொண்டு கட்டிய நிலையம் இரண்டு தலைமுறைக்குக்கூட வரவில்லை. ஏற்கெனவே சிலேத்தாரில் நல்ல தளம் இருந்தது, கடல் விமானங்களும் அங்கே இறங்கிக்கொண்டுதான் இருந்தன. அதையே பெரிதாக்கியிருந்தால் காலாங் செலவு மிச்சம். ஆளுநர் துரைக்கு கிளப்பிலிருந்து பத்து நிமிடத்தில் ஏர்போர்ட் போக வேண்டும், அவ்வளவுதான் விஷயம்.

---

சிலேத்தார் பெரியவர்:

பெயரைப் பார்த்தாலே தெரியும், நான் எந்தப் பக்கம் என்று. பல வருடம் சிலேத்தார் ஹேங்கர்களில் விமானப் பராமரிப்பு வேலை பார்த்தவன். இருந்தாலும் நீலவான் தம்பி சொல்வதை ஒப்புக்கொள்ள மாட்டேன்.

சிலேத்தார் பிறந்ததே ராணுவத்துக்காக. பிரிட்டிஷ் ஆகாயப்படையான ஆர்ஏஎஃப்-இன் தளம். 1928-இல் சவுத்தாம்ப்டன் பறக்கும் படகுகளின் தூரக்கிழக்குப் பிரிவு அங்கே வந்தது. 1930-இல்தான் பயணிகள் விமானம் வரத் தொடங்கியது, பத்தேவியாவிலிருந்து (இன்றைய ஜகார்த்தா) டச்சுக்காரர்களின் விமான நிறுவனமான கேஎன்ஐஎல்எம். 1933 கடைசியில் இம்பீரியல் ஏர்வேஸ். ஆனால் எல்லோரும் அங்கே விருந்தாளிகள். படைக்காரர்களின் தளத்தில் பயணிகள் நிலையம் வளர முடியாது. காவல், கெடுபிடி, இடப் பங்கீடு எல்லாம் அவர்கள் கையில். அப்புறம் தூரம். தீவின் வடகிழக்குக் கோடி அது. அந்தக் காலச் சாலையில் ஊருக்கு வருவது லேசான காரியமில்லை.

பயணிகளைப் பிரித்து ஒரு சிவில் நிலையம் கட்டியதால்தான் உள்ளூர்க் கம்பெனிகளும் வந்தன. காலாங் திறந்த அதே மாதக் கடைசியில் வேர்ன்ஸ் ஏர் சர்வீசஸ் கோலாலம்பூர், பினாங்குக்கு டி ஹாவிலண்ட் டிராகன் ரேப்பிட் விமானத்தை ஓட்ட ஆரம்பித்தது. போருக்குப் பிறகு 1947 மே மாதம் மலாயன் ஏர்வேஸ் தன் வழக்கமான சேவையைத் தொடங்கியதும் காலாங்கிலிருந்துதான், ஏர்ஸ்பீட் கான்சல் என்ற சின்ன விமானத்தில். இன்றைய எஸ்ஐஏ-வின் (சிங்கப்பூர் ஏர்லைன்ஸ்) வேர் அங்கே இருக்கிறது. அதைத் தோல்வி என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

போரில் இன்னொன்றும் நடந்தது. 1942 பிப்ரவரியில் ஜப்பானியர் ஜோகூர்க் கரையில் பீரங்கியை நிறுத்தியதும் தெங்கா, செம்பவாங், சிலேத்தார் தளங்கள் மூன்றும் குண்டெல்லைக்குள் வந்துவிட்டன. மூன்றும் வடக்கே இருந்தவை. தெற்கே இருந்த காலாங் மட்டும்தான் மிச்சம். கடைசி ஹரிக்கேன் போர் விமானங்கள் அங்கிருந்தே பறந்தன. அவையும் 10-ஆம் தேதி சுமத்ராவுக்குப் போய்விட்டன. ஐந்து நாளில் ஊர் விழுந்தது.

சிலேத்தாரைப் பெரிதாக்கியிருந்தால் என்று கேட்டீர்களே, அது எதிரிக்கு இன்னும் பக்கம்.

---

நீலவான்:

ஐயா, போர்க்காலத்தை நான் பேசவில்லை. 1931-இல் யாருக்கும் ஜோகூர்ப் பீரங்கி கனவில் வரவில்லை. சிவில் நிலையமாகப் போதாமல் போனது என்றுதான் சொல்கிறேன். 1954 விபத்தை யாராவது சொல்லுங்கள், இழை முழுக்கப் புகழ்மாலையாக இருக்கிறது.

---

மலர் (கேலாங்):

நான் சொல்கிறேன். எங்கள் தாத்தா காலத்திலிருந்து கேலாங்தான் எங்களுக்கு. அந்த விபத்து எங்கள் வீட்டில் அடிக்கடி அடிபட்ட பேச்சு.

1954 மார்ச் 13. பிரிட்டிஷ் நிறுவனமான பிஓஏசி-யின் கான்ஸ்டலேஷன் விமானம், சிட்னியிலிருந்து லண்டன் போகிற வழியில் ஜகார்த்தாவிலிருந்து வந்தது. ஓடுபாதையைத் தொடுவதற்கு முன்பே தாழ்ந்து, கடலோரத் தடுப்புச் சுவரில் சக்கரம் மோதியது. இறக்கை பிய்ந்து, விமானம் கவிழ்ந்து, தீப்பிடித்தது. உள்ளே இருந்த 40 பேரில் 33 பேர் இறந்தார்கள். பயணிகளில் ஒருவர்கூடப் பிழைக்கவில்லை. தப்பிய ஏழு பேரும் விமானச் சிப்பந்திகள்.

இதில் மனதை அறுப்பது என்னவென்றால், விழுந்த உடனே எல்லோரும் செத்துவிடவில்லை. கதவுகள் திறக்காமல் உள்ளே மாட்டிக்கொண்டார்கள். நிலையத்தின் தீயணைப்புப் படையால் விமானத்தின் உடற்பகுதியை உடைத்துத் திறக்க முடியவில்லை. பொது விசாரணை நடந்தது. விமானியின் களைப்பும் மீட்புப் படையின் ஆயத்தமின்மையும் அதில் வெளியே வந்தன. தரை தொடும் முனையில் கடல்சுவர், அதற்கு முன்னால் தண்ணீர். கொஞ்சம் தாழ்ந்து வந்தால் மன்னிக்கிற இடம் இல்லை அது.

ஆனால் நீலவான் தம்பி, இந்த விபத்தால் காலாங்கை மூடினார்கள் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியில்லை. அதற்கு முன்பே பாய லேபாரில் வேலை நடந்துகொண்டிருந்தது.

---

நீலவான்:

அக்கா, ‘மன்னிக்கிற இடம் இல்லை’ என்று நீங்கள் எழுதிய பிறகு நான் வாதாட வேண்டியதே இல்லை.

---

பழையபாதை:

இடம் போதாமல் போனது உண்மை. யார் மறுத்தார்கள்? நான் சொல்வது, 1931-இல் நின்று பார்த்தால் அது சரியான முடிவு. 1931-இல் உட்கார்ந்து கான்ஸ்டலேஷனுக்கு இடம் ஒதுக்க எவராலும் முடியாது.

சரி, மூடிய பிறகு என்ன ஆயிற்று என்று பார்ப்போம். எனக்கு அதுதான் அதிக சுவாரசியம்.

1955 ஆகஸ்டில் விமானம் நின்றது. 1956 மார்ச் 18-இல் அதே இடத்தில் சுதந்திரக் கோரிக்கைப் பேரணி. பிரிட்டிஷ் நாடாளுமன்ற உறுப்பினர்கள் வந்திருந்தார்கள், மக்கள் எவ்வளவு தீவிரமாகச் சுதந்திரம் கேட்கிறார்கள் என்று அவர்களுக்குக் காட்ட முதலமைச்சர் டேவிட் மார்ஷல் ஏற்பாடு செய்தது. பல்லாயிரம் பேர் திரண்டு, மேடை சரிந்து, ரகளையாக முடிந்தது. மார்ஷல் லண்டன் பேச்சுவார்த்தைக்குப் போவதற்குச் சில வாரம் முன்னால் இது.

அதே வருடம் ஆகஸ்டில் நிக்கோல் நெடுஞ்சாலையும் மெர்டேக்கா பாலமும் திறந்தன. கிழக்குப் பகுதியிலிருந்து ஊருக்குள் வர நேர் வழி. விமான நிலையம் இருந்தவரை அந்தச் சாலைக்கு இடமே கிடையாது. அப்புறம் வீடுகள் வந்தன, டகோட்டா கிரசென்ட் அடுக்குமாடிகள் 1958-இல். முனையக் கட்டடம் 1960 முதல் அரசின் சமூக அமைப்பான மக்கள் கழகத்தின் தலைமையகம். ஏறத்தாழ ஐம்பது வருடம் அவர்கள் அங்கே இருந்தார்கள். அதாவது, விமான நிலையமாக இருந்ததைவிட இரண்டு மடங்குக்கும் மேல் அது அலுவலகமாக இருந்திருக்கிறது.

1973-இல் பழைய தேசிய விளையாட்டரங்கம். அதையும் இடித்தாயிற்று. இப்போது இருப்பது 2014-இல் திறந்த குமிழ்க்கூரை அரங்கம். காலாங் கர்ஜனை என்று கால்பந்து ரசிகர்கள் சொல்வது, ஒரு காலத்தில் இன்ஜின் கர்ஜித்த அதே வட்டாரத்தில்தான். முனையக் கட்டடத்தை 2008-இல் பாதுகாக்கப்பட்ட கட்டடமாக அறிவித்தார்கள். ஸ்டேடியம் எம்ஆர்டியிலிருந்து நடந்தே போகலாம். அந்தக் கண்ணாடிக் கோபுரத்தை வெளியிலிருந்து பார்க்கலாம்.

---

மீனம்பாக்கம் மணி:

நன்றி அண்ணே. எங்கள் குடும்பத்தில் சிங்கப்பூர் போன முதல் ஆள் என் பெரியப்பா. அவர் போனது ரஜுலா கப்பலில், நாகப்பட்டினத்திலிருந்து. இங்கே பலர் வீட்டிலும் அதே கதையாக இருக்கும். விமானம் என்பது அப்போது துரைமார்களுக்கும் பெரிய முதலாளிகளுக்கும்தான். 1954-இல் ஏர் இந்தியா சிங்கப்பூருக்குப் பறக்க ஆரம்பித்தாலும் டிக்கெட் வாங்க யாரால் முடிந்தது? எனவே தமிழர்களுக்கு ஏர்போர்ட் ஞாபகம் என்றால் பாய லேபாராகத்தான் இருக்கும் என்பது என் ஊகம். அதைப் பற்றி எழுதுங்கள்.

---

சிலேத்தார் பெரியவர்:

பாய லேபாரைப் பற்றிக் கேட்டால் எனக்கு இரவு முழுவதும் எழுதத் தோன்றும்.

1955 ஆகஸ்ட் 20-இல் திறந்தது. குடியேற்றநாட்டு அமைச்சர் ஆலன் லென்னாக்ஸ்-பாய்டு வந்து திறந்து வைத்தார். அதுவும் சதுப்பு நிலம்தான். பாய என்றாலே மலாயில் சதுப்பு என்று உங்களுக்குத் தெரியும். ஓடுபாதை 8,000 அடி, மீட்டரில் 2,400-க்கு மேல். பிறகு ஜெட் வந்ததும் நீட்டி நீட்டி 4,000 மீட்டர் ஆக்கினார்கள். காலாங்கில் முடியாததைப் பாய லேபாரில் செய்ய முடிந்தது, அதனால்தான் 26 வருடம் தாக்குப்பிடித்தது.

1964-இல் புது முனையம். அதில் பார்வையாளர் மாடம் உண்டு. ஒருவர் ஊருக்குப் போனால் வழியனுப்ப ஒரு வேன் நிறைய ஆள் வருவார்கள். மாலை, பை நிறையப் பலகாரம், அழுகை, எல்லாம் அங்கேதான். வழியனுப்ப ஆளே இல்லாவிட்டாலும் ஞாயிற்றுக்கிழமை பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு விமானம் பார்க்க வருகிறவர்கள் இருந்தார்கள். நல்ல காற்று வரும், காசும் கிடையாது.

1972-இல் மலேசியா-சிங்கப்பூர் ஏர்லைன்ஸ் இரண்டாகப் பிரிந்தது. மறு வருடமே எஸ்ஐஏ 747 வாங்கிவிட்டது. அந்த ராட்சதன் வந்து நின்றபோது முனையமே சிறுத்துப்போன மாதிரி இருந்தது. 1977 டிசம்பரில் கான்கார்டு. லண்டனிலிருந்து பஹ்ரைன் வழியாக. ஒரு பக்கம் எஸ்ஐஏ வண்ணம், மறுபக்கம் பிரிட்டிஷ் ஏர்வேஸ் வண்ணம். சில பயணத்திலேயே மலேசியா தன் வான்வெளியில் ஒலியை மிஞ்சும் வேகம் கூடாது என்று நிறுத்தியது. 1979-இல் மறுபடி தொடங்கி, 1980-இல் ஆள் போதாமல் ஒரேயடியாக நின்றுவிட்டது. சாங்கிக்குக் கான்கார்டு சேவை வந்ததே இல்லை. அந்தக் கொடுப்பினை பாய லேபாருக்குத்தான்.

---

நீலவான்:

சரி, அவ்வளவு நல்ல நிலையத்தை ஏன் விட்டார்கள்? 4,000 மீட்டர் ஓடுபாதை, புது முனையம். இன்னொரு ஓடுபாதை போட்டிருக்கலாமே.

---

சிலேத்தார் பெரியவர்:

அதைத்தான் செய்யவிருந்தார்கள் தம்பி. 1970-களின் தொடக்கத்தில் முடிவு அதுதான்: பாய லேபாரில் இரண்டாவது ஓடுபாதை. செலவு குறைவு, வேகமாக முடியும். எதிர்த்தவர்களில் முக்கியமானவர் துறைமுக ஆணையத்தின் தலைவராக இருந்த ஹவ் யூன் சொங். சாங்கிதான் சரி என்று நின்றார். நடுவில் 1973 எண்ணெய் நெருக்கடி வந்து பயணிகள் பெருக்கம் தணிந்தது. அதனால் யோசிக்க அவகாசம் கிடைத்தது.

பிரதமர் லீ குவான் இயூவுக்கு பாஸ்டனின் லோகன் விமான நிலையம் மனதில் இருந்தது. அங்கே விமானங்கள் கடலின் மேலே வந்து கடலின் மேலேயே போகின்றன, சத்தம் தண்ணீரோடு போய்விடுகிறது. பாய லேபாரில் இரண்டாவது பாதை போட்டால் ஊரின் நடுத்தலை மேல் விமானம் பறக்கும். 1975-இல் சாங்கி என்று முடிவாயிற்று. பாய லேபாரில் போட்டிருந்த 80 கோடி வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) போனது போனதுதான் என்று எழுதித் தள்ளிவிட்டு, மேலே 150 கோடி வெள்ளி. ஆறே வருடம். சிம் கீ பூன் தலைமையில் வேலை நடந்தது. கடலடியிலிருந்து 4 கோடி கன மீட்டருக்கு மேல் மணலை வாரிக் கரையை நிரப்பினார்கள்.

1981 ஜூன் 30 இரவு பாய லேபாரிலிருந்து சாமான் வண்டிகள் வரிசை வரிசையாக சாங்கிக்குப் போயின. மறுநாள் காலை 7 மணியைத் தாண்டி கோலாலம்பூரிலிருந்து எஸ்ஐஏ-வின் 101-ஆம் எண் விமானம் வந்து இறங்கியது. ஒரே இரவில் ஊரின் வாசலை மாற்றிவிட்டார்கள்.

---

பழையபாதை:

ஐயா எழுதியதில் என் வாதம் முழுதாக இருக்கிறது. 1931-இல் ஊருக்குப் பக்கம் என்பது தகுதி. 1975-இல் ஊருக்குப் பக்கம் என்பது குற்றம். நடுவில் மாறியது விமானத்தின் சத்தமும் எடையும், ஊரின் பரப்பும்தான்.

---

நீலவான்:

அப்படியென்றால் சாங்கி மட்டும் புனிதமா? அதுவும் காலியிடத்தில் வானத்திலிருந்து விழவில்லை. 1943-44இல் ஜப்பானியர் நேச நாட்டுப் போர்க் கைதிகளை வைத்து மண்ணைச் சமப்படுத்திப் போட்ட தளம் அது. பாதி வயிற்றோடு, மண்வெட்டியும் கூடையும் வைத்துச் செய்த வேலை. ஜப்பான் சரணடைந்த பிறகு ஜப்பானியக் கைதிகளை வைத்து ஆங்கிலேயர்கள் அதையே மேம்படுத்தி ஆர்ஏஎஃப் சாங்கி ஆக்கினார்கள். இன்று நாம் இறங்குகிற முதல் ஓடுபாதை, அந்த ஆர்ஏஎஃப் பாதையை நீட்டிப் போட்டதுதான். மறைந்த விமானத் தளங்களின் பட்டியலில் அதையும் சேருங்கள். சாங்கியின் ஜுவல் வளாகத்து அருவி முன்னால் நின்று படமெடுக்கும் கூட்டத்தில் யாருக்கும் அது தெரியாது.

---

மலர் (கேலாங்):

இதில் உன்னோடு முழுக்க ஒத்துப்போகிறேன் தம்பி. அந்த வரலாற்றைச் சொல்லப் பக்கத்தில் சாங்கி தேவாலய அரும்பொருளகம் இருக்கிறது, ஆனால் விமான நிலையத்துக்குள்ளே நடந்துபோகிறவருக்கு ஒன்றும் தோன்றாது.

---

தேக்காவாசி:

இடையில் ஒரு குசும்பு. ‘ஓடுபாதையாகவும் மாறுகிற சாலை’ ஒன்று நம் ஊரில் உண்டு. லிம் சூ காங் ரோடு. தெங்கா தளத்துக்குப் பக்கத்தில் சுமார் 2,500 மீட்டர் நீளத்துக்கு நேராகப் போகும். விளக்குக் கம்பம், பேருந்து நிறுத்தம், பலகை எல்லாம் கழற்றி எடுக்கிற மாதிரி. பயிற்சி நாளில் இரண்டே நாளில் எல்லாவற்றையும் பிடுங்கிவிட்டு, எஃப்-16 இறக்குவார்கள். 1986 முதல் சில ஆண்டுகளுக்கு ஒரு முறை நடந்தது. 2016-க்குப் பிறகு அந்தச் சாலையையே திருப்பி அமைக்கும் வேலை வந்துவிட்டது, தெங்கா விரிவாக்கத்துக்காக. ஆக, அதுவும் மறைந்த ஓடுபாதைதான்.

---

மலர் (கேலாங்):

தெங்கா ஏன் விரிகிறது என்பதையும் சொல்ல வேண்டும். பாய லேபாருக்காக. 2013-இல் அறிவித்தார்கள், 2030-க்குப் பிறகு பாய லேபார் ஆகாயப்படைத் தளம் காலியாகும், அதன் வேலை தெங்காவுக்கும் சாங்கிக்கும் போகும் என்று. தெங்காவுக்கு இடம் எடுக்க சுவா சூ காங்கில் பல்லாயிரம் கல்லறைகளைத் தோண்டி மாற்ற வேண்டியிருந்தது. உயிரோடு இருப்பவர்களுக்கு வீடு கிடைக்க, போனவர்கள் இடம் மாறினார்கள்.

கிடைக்கப்போவது 800 ஹெக்டேர். ஏறத்தாழ 1,50,000 வீடுகள் வரலாம் என்று 2022 தேசிய தினப் பேரணி உரையில் அப்போதைய பிரதமர் லீ சியன் லூங் சொன்னார். ஆனால் அந்த நிலத்தைவிடப் பெரிய லாபம் வேறு. விமானம் இறங்குகிற பாதைக்குக் கீழே உயரமாகக் கட்டக் கூடாது. எங்கள் கேலாங் பக்கமும் சேர்த்து எவ்வளவோ இடத்தில் கட்டடங்கள் குட்டையாக நிற்பதற்கு அதுவும் ஒரு காரணம். தளம் போய்விட்டால் அந்தக் கட்டுப்பாடு தளரும். சுற்றுவட்டார நிலம் முழுக்க மேலே எழும்பும். எனக்கு அது பயம்தான். இப்போதே சந்துக்குள் வெயில் வருவதில்லை.

ஓடுபாதையை என்ன செய்வது என்றும் பேச்சு நடக்கிறது. கட்டடக் கலைஞர்களும் திட்டமிடுவோரும், அந்த 4 கிலோமீட்டரை அப்படியே பசுமை வெளியாக வைத்து, அதைச் சுற்றி ஊரை அமைக்கலாம் என்று யோசனை காட்டியிருக்கிறார்கள். எனக்கு அது பிடித்திருக்கிறது. காலாங்கில் ஓடுபாதையை விட்டுவைக்கவில்லை, கட்டடம் மட்டும்தான் மிஞ்சியது.

---

நீலவான்:

இவ்வளவு நெருக்கமான ஊரில் நாலு கிலோமீட்டரைப் புல் வளர்க்க விடுவார்களா அக்கா? படத்தில் காட்டுவார்கள். பத்து வருடத்தில் இரு பக்கமும் கடை, நடுவில் சைக்கிள் பாதை, ரன்வே ஹைட்ஸ் என்று பெயர் வைத்த கான்டோ. எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

---

சிலேத்தார் பெரியவர்:

சைக்கிள் பாதையாவது வரட்டும் தம்பி. எங்கள் சிலேத்தாருக்கு வந்து பார்த்தால் தெரியும். பிக்கடில்லி, லாம்பெத் வாக், மைடா வேல் என்று லண்டன் தெருப் பெயர்கள் இன்னும் இருக்கின்றன. படை அதிகாரிகளின் கறுப்பு வெள்ளை பங்களாக்களில் சிலவற்றில் இப்போது சாப்பாட்டுக் கடை நடக்கிறது. பக்கத்தில் விமானத் தொழிற்பூங்கா. 2019-இல் மலேசியாவின் ஃபயர்ஃபிளை சின்ன விமானங்கள் அங்கே வரத் தொடங்கின. 1930-இல் பயணிகள் இறங்கிய இடத்தில் இன்றும் பயணிகள் இறங்குகிறார்கள். ஊருக்கு எட்டாத மூலையில் இருந்ததால்தான் அது பிழைத்தது என்பேன், பழையபாதை வாதப்படியே.

---

பழையபாதை:

ஐயா, அதற்குத்தான் காத்திருந்தேன். ஆனால் நீலவானுக்கும் ஒரு புள்ளி கொடுத்துவிடுகிறேன்: அவர் முதலில் கேட்ட சிலேத்தார்தான் கடைசியில் ஜெயித்திருக்கிறது.

பழைய பாய லேபார் முனையத்தைத் தேடிப் போகிறவர்களுக்கு ஒன்று: அது தளத்தின் வேலிக்குள்ளே இருக்கிறது, உள்ளே விட மாட்டார்கள். ஏர்போர்ட் ரோட்டில் ஆகாயப்படை அரும்பொருளகம் இருக்கிறது. போகுமுன் திறந்திருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். அடுத்து செம்பவாங், தெங்கா பற்றித் தெரிந்தவர்கள் எழுதலாம். செம்பவாங் பிரிட்டிஷ் கடற்படையின் விமானத் தளமாக, எச்எம்எஸ் சிம்பாங் என்ற பெயரில் இருந்த காலம் பற்றி யாரிடமாவது குடும்பப் படங்கள் இருந்தால் இங்கே போடுங்கள்.